அணையாத விளக்கு

பனிமலைக் காவலரணில் இருட்டத் தொடங்கியதும் சுபேதார் கோதண்டம் சீறினார். "வேதமுத்து, வெளிச்சத்தைப் பார்த்தா எதிரி சுடுவான். விளக்கை அணைடா! கழுத்துல சிலுவை, சுடலைமாடனுக்கு விளக்கா?"

"சாமி இசக்கிமுத்துக்க சாமிதான் சார். வாக்கு எனக்க வாக்குல்லா."

'நான் திரும்பும்வரை அணைய விடாதே' என்று சொல்லிவிட்டு ரோந்துக்குப் போன இசக்கிமுத்து இன்னும் வரவில்லை. வேதமுத்து தன் இரும்புத் தொப்பியைக் கழற்றி மல்லாத்தி, இசக்கிமுத்து மாடனாக நட்டிருந்த கல்லின் முன் வைத்து, விளக்கை அதற்குள் இறக்கினான். வெளிச்சம் இரும்புக்குள் அடங்கியது. பக்கத்தில் குண்டு விழுந்தது. வெறுந்தலையில் பனித்தூள் சிதறியது. அவன் அசையவில்லை.

சுபேதார் குனிந்தபடி அவன் அருகே வந்தார். பிறகு தன் தொப்பியைக் கழற்றி அவன் தலையில் கவிழ்த்தார்.

"எண்ணெய் இருக்காடா?"