போட்டவன்

சமையலறை வாசலில் நின்று ஒரு வாளித் தண்ணீரை அப்படியே கவிழ்த்தாள் டைல்ஸ் மேஸ்திரி.

வீட்டுக்காரம்மா மூச்சைப் பிடித்துக்கொண்டு பார்த்தார்.

தண்ணீர் தரையெங்கும் பரவியது. பிறகு சேர்ந்து திரும்பி, பின்சுவரோரத் துளையைப் பார்த்து நடையைக் கட்டியது. ஒரு சொட்டுகூடத் தேங்கவில்லை.

பத்து நாளுக்கு முன்புவரை இதே தரையில் அடுப்பு மேடைக்குக் கீழே எப்போதும் தண்ணீர் நின்றது. அதில்தான் மாமியார் வழுக்கி விழுந்தார். மணிக்கட்டில் மாவுக்கட்டு.

முதல் நாள் மேஸ்திரி குனிந்து ஒவ்வொரு டைல்ஸாகத் தட்டினாள். பாதிக்கு மேல் 'டொக் டொக்' என்று வெற்றுச் சத்தம்.

உடைத்துப் பார்த்தால் உள்ளே சரியாக இடித்து இறுக்காத மண். தண்ணீர் வடியும் வாட்டம் வேறு தலைகீழ்.

"எந்தப் புண்ணியவான் போட்டானோ!" ஒவ்வொரு டைல்ஸ் பெயரும்போதும் வீட்டுக்காரம்மா திட்டித் தீர்த்தார். போன வருடம்தான் வாங்கிய வீடு.

மேஸ்திரி உளியை அடுத்த டைல்ஸுக்கு நகர்த்தினாள்.

மேலாகப் பூசிவிட்டுப் போனால் போதும் என்று வீட்டுக்காரம்மா சொன்னபோது முடியாது என்று தலையாட்டினாள். மண்ணை முழுக்க அள்ளினாள். தண்ணீர் விட்டு இறுக்கி இடித்தாள். புதுக் கான்கிரீட் போட்டு, அது இறுகும்வரை ஒருவரையும் கால் வைக்க விடவில்லை. நூல் கட்டித்தான் டைல்ஸ் பதித்தாள். நகக்கனம் எழும்பி நின்றது என்று ஒன்றை மூன்று முறை பெயர்த்தாள்.

இப்போது மாமியார் வெறுங்காலோடு உள்ளே வந்தார். சுவரைப் பிடிக்காமல் அடுப்பிலிருந்து ஜன்னல்வரை நடந்தார். திரும்பியும் நடந்தார்.

அந்தக் கால்களையே பார்த்துக்கொண்டிருந்த மேஸ்திரிக்கு நெஞ்சு நிமிர்ந்தது.

வீட்டுக்காரம்மாவுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. "முன்னாடி இதைப் போட்டவன் மட்டும் கையில கிடைச்சான்னா, இழுத்துட்டு வந்து காட்டுவேன். வேலைன்னா இதுதாண்டான்னு."

மேஸ்திரி கைகளைத் துடைத்துக்கொண்டாள். தலையைக் குனியவில்லை.

"போட்டவன் இல்லம்மா, போட்டவ. பன்னிரண்டு வருஷம் ஆச்சு. நான் தனியா எடுத்த முதல் வேலை."

வீட்டுக்காரம்மா குனிந்து புதுத் தரையைப் பார்த்தார்.

மாமியார்தான் கேட்டார். "அப்போ... குளியலறைத் தரை?"

மேஸ்திரி உளியையும் சுத்தியலையும் எடுத்துக்கொண்டு அந்தப் பக்கம் நடந்தாள்.