சபை மரியாதை

தூக்குத் தண்டனையை ஒழிக்கும் மசோதா மேலவைக்கு வந்தபோது, அவைக் காவலரின் தம்பி தூக்குக்குக் காத்திருந்தான். மேலவையால் மசோதாவைத் தடுக்க முடியாது; தள்ளிப்போடத்தான் முடியும்.

"என்ன அவசரம்? அடுத்த கூட்டத்துல பாத்துக்கலாம்" என்றார் மூத்த உறுப்பினர். பசி வேளை, எல்லாரும் கையைத் தூக்கிவிட்டுச் சாப்பிடப் போனார்கள். அவையில் வாய் திறக்கக் காவலருக்கு அனுமதி இல்லை.

மறுவாரம் தம்பியைத் தூக்கிலிட்டார்கள்.

அடுத்த கூட்டத்தில் மசோதா ஒருமனதாக நிறைவேறியது. மேசைகளைத் தட்டி மகிழ்ந்தார்கள். பார்வையாளர் மாடத்தின் முன்வரிசையில், தலை தோளில் சாய்ந்தபடி தம்பி உட்கார்ந்திருந்தான்.

மூத்த உறுப்பினர் காவலரைக் கூப்பிட்டார்.

"அந்த ஆளைத் தலையை நேரா வச்சு உக்காரச் சொல்லுப்பா. சபைக்குன்னு ஒரு மரியாதை இருக்குல்ல?"

காவலர் படியேறிப் போய், தம்பியின் தலையை இரண்டு கைகளாலும் நிமிர்த்தினார். கையை எடுத்தால் சாய்ந்தது. சபை கலையும்வரை பிடித்துக்கொண்டு நின்றார்.