சாய்க்காத துடுப்பு

எங்கள் தீவில் கடலுக்குப் போனவன் திரும்பவில்லையென்றால் அவன் துடுப்பை வாசலில் நட்டமாக நிறுத்துவோம். அது நிற்கிறவரை அவன் வருவான். படுக்க வைத்தால் செத்தான் என்று நாமே சொன்னதாகிவிடும். என் மகன் கஸ்பாரின் துடுப்பு ஆறு வருஷமாக நின்றது.

நாடகம் எழுதுகிறேன் என்று பட்டணத்திலிருந்து வந்தவன் இரண்டு மாதம் எங்கள் வீட்டு மீனைத் தின்றான். போகும்போது துடுப்பைக் கேட்டான்.

"குடுக்காதளா" என்றேன். என் பெண்சாதி இன்னாசியம்மாள் கேட்கவில்லை.

"நாலு ஊர்ல நாடகம் போடுதாவளாம். கஸ்பாரக் கண்டவுக யாராச்சும் துடுப்பப் பாத்துச் சொல்லமாட்டாவளா?"

"நிறுத்தியேதான் வைப்பேம்மா" என்று அந்தப் பயல் அவள் கையில் அடித்துச் சத்தியம் செய்தான்.

நாடகத்தன்று என்னைப் பட்டணத்துக்குக் கூட்டிப்போய் முன்வரிசையில் உட்கார வைத்தார்கள். கடல் என்று மேடையில் நீலப்பொடி கொட்டியிருந்தார்கள். கடைசியில் உதட்டுச்சாயம் பூசிய ஒருத்தி அழுதுகொண்டே துடுப்பை அதில் கிடத்தினாள். நான் மேடையேறினேன்.

"யாரு துடுப்ப யாரு சாய்க்கது?" என்று கத்தி, பிடுங்கி நிமிர்த்தினேன். சனம் எழுந்து நின்று கைதட்டியது.

"அப்படியே நில்லுங்கய்யா, அருமையா இருக்கு" என்றான் அந்தப் பயல், மேடை ஓரத்திலிருந்து. துடுப்பாலேயே ஒன்று போட்டிருப்பேன். அதற்கும் அதைச் சாய்க்க வேண்டுமே.

தீவு வரும்வரை படகில் அதை நிமிர்த்திப் பிடித்தபடி நின்றே வந்தேன். கரையில் இன்னாசியம்மாள் காத்திருந்தாள்.

"கண்டதா யாரும் சொன்னாவளா?"

"இல்ல."

துடுப்பை மேலிருந்து கீழே தடவினாள். உள்ளங்கையைத் திருப்பிப் பார்த்தாள்.

"இதென்னய்யா, ஒரு பக்கம் பூரா நீலம்?"