பட்டாணிக்கு நகம் வெட்டும் நாள்

"விடுங்க அதை! அதுக்கு வலிக்கும்ல!"

எதிர்வீட்டுச் சிறுமியின் குரல் தெருவைத் தாண்டி வந்தது. தையல்காரம்மா மிஷினை நிறுத்தினார்.

"ஆரம்பிச்சாச்சு. ஞாயிற்றுக்கிழமை ஆனா போதும், நகம் வெட்டுறேன்னு அந்தச் சித்திக்காரி நாய்க்குட்டியைப் படுத்தி எடுக்கிறா."

பேப்பர் படித்துக்கொண்டிருந்த கணவர் தலையைத் தூக்கவில்லை. "நாய்க்கு நகம் வளர்ந்தா வெட்டத்தானே வேணும்?"

"வெட்டுறதுக்கும் ஒரு முறை இருக்குங்க."

"உனக்கு நாயும் தெரியாது, நாய் நகமும் தெரியாது."

"கத்தரிக்கோல் தெரியுமே! முப்பது வருஷமா அதைத்தானே பிடிச்சிட்டிருக்கேன்" என்றபடி தையல்காரம்மா ஜன்னலுக்குப் போனார்.

எதிர்வீட்டுக் கதவு விரியத் திறந்திருந்தது. கூடத்து நடுவில் ஒரு பழைய துண்டை விரித்து, கையில் நகவெட்டியோடு உட்கார்ந்திருந்தாள் அந்த வீட்டுக்குப் புதிதாக வந்திருக்கும் சித்தி. 'டக் டக்' என்று நகவெட்டியை அழுத்திக் காட்டினாள். பட்டாணி என்கிற அந்தக் குட்டி சோபாவுக்கு அடியில் புகுந்து, மறுபக்கம் வெளியே வந்து, சிறுமியின் கைக்கிடுக்கில் தலையைச் சொருகிக்கொண்டது.

"ஒரே ஒரு விரல். கொஞ்சம் பிடிச்சுக்கோ."

"மாட்டேன். போன வாரமும் ஒரு விரல்னுதான் சொன்னீங்க."

"நகம் நீளமா இருந்தா தரையில வழுக்கும்டா."

"வழுக்கினா நான் தூக்கிப்பேன்."

"நீ ஸ்கூலுக்குப் போயிட்டா?"

"அப்பா தூக்குவாரு."

"அப்பா ஆபீஸ் போயிட்டா?"

சிறுமி குட்டியை இன்னும் இறுக்கிக்கொண்டாள். "அதெல்லாம் விழாது. அதுக்கு நாலு கால் இருக்கு. உங்களுக்கும் எனக்கும்தான் ரெண்டு!"

சித்தி முகத்தை அந்தப் பக்கம் திருப்பிக்கொண்டாள். தோள் குலுங்கியது.

"பார்த்தீங்களா, சிரிப்பு வேற!" என்று கொதித்தார் தையல்காரம்மா. "தாயில்லாப் பொண்ணு உசிரா வளர்க்கிற குட்டி. அதை நோகடிச்சா யாருக்கு நோகும்னு இவளுக்குத் தெரியாதா? தெரிஞ்சேதான் செய்யறா. சித்தின்னா சித்திதான்!"

"உனக்கெதுக்கு ஊர் வம்பு?"

"எனக்கென்ன வம்பு? நல்ல வார்த்தை நாலு சொல்லலாம்னு பார்க்கிறேன்."

கணவர் பேப்பரை மடித்தார். "நீ நாலோட நிறுத்துற ஆளா?"

வாய்ப்பு புதன்கிழமை மத்தியானம் வந்தது. சிறுமியின் யூனிஃபார்ம் பாவாடைக்கு மடிப்பைப் பிரித்து நீளம் வைத்துத் தரச் சொல்லியிருந்தார்கள். அதை இஸ்திரி போட்டு எடுத்துக்கொண்டு, சொல்ல வேண்டியதையெல்லாம் மனசுக்குள் வரிசைப்படுத்திக்கொண்டு தெருவைக் கடந்தார். சிறுமி பள்ளிக்கூடத்தில் இருப்பாள். நல்லதுதான். பொண்ணு எதிரில் பேசுகிற பேச்சா இது?

கதவு ஒருக்களித்திருந்தது. "யாரும்மா உள்ளே?" என்று கேட்டுக்கொண்டே தள்ளினார்.

"உஷ்..."

சித்தி சுவரில் சாய்ந்து தரையில் உட்கார்ந்திருந்தாள். மடியில் பட்டாணி. நாலு காலையும் மேலே விரித்து, வயிற்றைக் காட்டிக்கொண்டு, வாய் லேசாகத் திறந்து கிடந்தது. குறட்டை வேறு. அவள் அதன் ஒரு காலை மெல்லப் பிடித்து, நகம் தேய்க்கிற அரத்தால் மெதுமெதுவாகத் தேய்த்துக்கொண்டிருந்தாள்.

தையல்காரம்மா வரிசைப்படுத்தி வைத்ததெல்லாம் கலைந்து போயிற்று.

"என்னம்மா இது? கம்முனு படுத்திருக்கு!"

"சாப்பாடு ஆனதும் மடிக்கு வந்துடும்க்கா. தூங்கினதும் தினம் ரெண்டு விரல் இப்படித் தேய்ச்சு விட்டுடுவேன். அதுக்குத் தெரியவே தெரியாது."

"அப்போ ஞாயிற்றுக்கிழமை எதைத்தான் வெட்டுறே?"

"வெட்டுறதுக்கு நகம் எங்கே இருக்கு? சும்மா டக் டக்னு சத்தம் காட்டுவேன். அந்தச் சத்தம்தான் இதுக்கு ஆகாது. ஓடிடும். அப்புறம் ரெண்டு பிஸ்கட் கொடுத்துச் சமாதானம் பண்ணிடுவேன்."

தையல்காரம்மாவுக்கு ஒன்றும் புரியவில்லை. பாவாடையைச் சோபாவில் வைத்துவிட்டு அங்கேயே உட்கார்ந்தார்.

"நகம் வெட்டாமலே நகம் வெட்டுற மாதிரி நடிக்கிறியா? எதுக்கும்மா இந்த வேலை? அந்தப் பொண்ணு உன்னை என்ன பேச்சு பேசுது! தெருவே கேட்குது. நான்கூட உன்னை..." சட்டென்று நாக்கைக் கடித்துக்கொண்டார்.

சித்தி அதைக் கவனித்ததாகத் தெரியவில்லை. குட்டியின் பாதத்தில் ஒட்டியிருந்த தூளை ஊதிவிட்டாள்.

"முதல் தடவை நிஜமாவே வெட்டத்தான் உட்கார்ந்தேன்க்கா. எனக்குப் பிடிக்கத் தெரியலை, இது ஊரைக் கூட்டிடுச்சு. ரூம்ல கதவைச் சாத்திட்டு இருந்தவ பதறி ஓடிவந்து, 'விடுங்க அதை'ன்னு கத்தினா."

"கத்தினாள்ல? அதோட நகவெட்டியைத் தூக்கிப் போட்டிருக்க வேண்டியதுதானே? நீதான் தேய்க்கக் கத்துக்கிட்டியே!"

"எப்படிக்கா தூக்கிப் போடுவேன்?" அவள் நிமிர்ந்து பார்த்தாள். கண் கலங்கியிருந்தது, ஆனால் உதட்டில் சிரிப்பு.

"நான் இந்த வீட்டுக்கு வந்ததுக்கப்புறம் அவ என்கிட்ட பேசின முதல் பேச்சே அதுதான்க்கா."