இரண்டு நாள் அவசரம்

நீதிமன்றத்தில் தீர்ப்பின் நகலை வாங்கிக்கொண்டு ஜன்னலைவிட்டுத் திரும்பினால், எதிரே பூதக்கண்ணாடி.

கிடங்குக்காரருக்கு எரிச்சலாக வந்தது. வெற்றியைக்கூட நிம்மதியாக அனுபவிக்க விடமாட்டான் போலிருக்கிறது.

அரசு மருத்துவமனையின் மருந்துக் கிடங்கைப் பதினாறு வருடம் கட்டிக்காத்தவர் அவர். நான்கு பெட்டி ஊசி மருந்து குறைந்தது என்று வேலையைவிட்டே நீக்கினார்கள். நீக்கும் உத்தரவைத் தயாரித்து மேலதிகாரியின் கையெழுத்துக்குக் கொண்டுபோய் வைத்தது, அலுவலகக் கண்காணிப்பாளரான இந்தப் பூதக்கண்ணாடிதான். எந்தத் தாளைக் கொடுத்தாலும் பிழையை மோப்பம் பிடிப்பார் என்று ஊழியர்கள் வைத்த பெயர் அது.

பதினாறு வருடமும் இருவரும் ஒரே மேஜையில் மதியச் சாப்பாடு சாப்பிட்டவர்கள். புகார் வந்த நாளிலிருந்து மனுஷன் முகம் கொடுத்துப் பேசவில்லை. மாடிப்படியில் எதிர்ப்பட்டால் சுவரைப் பார்த்துக்கொண்டே இறங்கினார்.

பெட்டிகளை எடுத்தவனே இவன்தானோ என்று கிடங்குக்காரருக்குச் சந்தேகம். அதை மனதோடு வைத்துக்கொள்ளாமல், சொந்தக்காரர் வீடுகளுக்கெல்லாம் போய்ச் சொல்லிவிட்டும் வந்தார்.

பதினெட்டாம் தேதிக்குள் பதில் தரலாம் என்றது, விளக்கம் கேட்டு வந்த நோட்டீஸ். பதினேழாம் தேதி பதிலோடு போனால், நீக்க உத்தரவைக் கையில் கொடுத்தார்கள். அதில் பதினாறாம் தேதி போட்டிருந்தது.

"ரெண்டு நாள் பொறுக்க முடியல பாரு, அப்படி என்ன அவசரம் அவனுக்கு?" இதை மனைவியிடம் ஆயிரம் தடவையாவது சொல்லியிருப்பார்.

கடைசியில் வழக்கு ஜெயித்ததே அந்த இரண்டு நாளால்தான். குற்றம் செய்தாரா இல்லையா என்பதற்குள் நான் போகவில்லை, பதிலைக் கேட்காமல் தண்டித்தது செல்லாது என்றார் நீதிபதி. இவரை மறுபடி வேலையில் சேர்க்கச் சொன்னார். உத்தரவைத் தயாரித்தவர் மேல் நடவடிக்கை எடுக்கவும் சொன்னார்.

ஓய்வு பெற ஐந்தே மாதம் பாக்கி அந்த ஆளுக்கு. நன்றாக வேண்டும் என்று அன்றைக்குக் கிடங்குக்காரர் வாய்விட்டே சொன்னார்.

இப்போது பூதக்கண்ணாடி கையை நீட்டினார். பதினாறு வருடப் பழக்கம். கிடங்குக்காரரின் கை தானாக நகலைக் கொடுத்துவிட்டது.

நின்றபடியே புரட்டினார். இரண்டாம் பக்கத்தில் கட்டைவிரல் நின்றது.

"நீங்க வேலையில சேர்ந்த தேதி தப்பா விழுந்திருக்கு. இன்னைக்கே திருத்தி வாங்கிடுங்க, இல்லன்னா பென்ஷன்ல இடிக்கும்."

நகலைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, தனக்கும் ஒரு நகல் வாங்க ஜன்னலுக்கு முன்னால் வரிசையில் போய் நின்றுகொண்டார்.

கிடங்குக்காரர் இரண்டாம் பக்கத்தைப் பார்த்தார். தப்புத்தான். வக்கீல் பார்க்கவில்லை, தானும் பார்க்கவில்லை. அந்த மனிதருக்கு அரை நிமிடம்கூட ஆகவில்லை.

பதினெட்டாம் தேதி. பதினாறாம் தேதி.

எந்தெந்த வீட்டில் என்னென்ன சொன்னோம் என்று வரிசையாக நினைவுக்கு வந்தது. வெட்கமாக இருந்தது.

நகலைத் திருத்த வேண்டும். அவருக்குப் பின்னால் போய் நின்றார்.

பூதக்கண்ணாடியின் கையில், அலுவலகம் கேட்ட விளக்கத்துக்கு அவர் எழுதிய பதில் இருந்தது. தோளுக்கு மேலாகப் பார்த்தாலே படிக்க முடிந்தது, ஒரே ஒரு வரிதான்.

'தேதியை நான் கவனிக்கவில்லை.'