மான்குட்டியின் கண்

காட்டை நேசிக்கச் சொல்லும் அனிமேஷன் படம் அது. அதில் தாயைப் பறிகொடுத்த மான்குட்டியின் கண் மட்டும்தான் குணாளனின் வேலை. திங்கட்கிழமைக்குள் கண் சரியாக வராவிட்டால் வேலை போய்விடும். ஞாயிறு காலை கறிக்கடைக்குப் போய், வாசலில் கட்டியிருந்த ஆட்டின் கண்ணைக் கைப்பேசியில் படம்பிடித்தான்.

“தலை வேணுமா தம்பி?” என்றார் ஜமால் பாய்.

“கண்ணு மட்டும் போதும் பாய்.”

“கண்ணை மட்டும் கேட்ட மொத ஆளு நீதான்.”

அதே கண்ணை அச்சு அசலாக மான்குட்டிக்கு வைத்தான். மேனேஜர் நிரோஷா பார்த்துவிட்டு, “இதுல ஃபீலிங்கே இல்லையேப்பா” என்றாள். கண்ணை இரண்டு மடங்கு பெரிதாக்கி, ஓரத்தில் ஒரு துளியைத் தொங்கவிட்டான். நிரோஷா மூக்கை உறிஞ்சினாள். வேலை தப்பித்தது.

அடுத்த ஞாயிறு கறி வாங்கப் போனான். வாசலில் வேறொரு ஆடு நின்று அவனையே பார்த்தது.

“அரைக்கிலோதானே? இதை அறுத்துடலாமா?” என்றார் பாய்.

“ஒரு நிமிஷம் பாய்.”

குணாளன் குனிந்து, அதன் கண்ணோரத்தில் துளி ஏதும் வருகிறதா என்று பார்த்தான். வரவில்லை.

“சரி, அறுங்க.”