யாருக்கும் இல்லாத பெயர்

“எம் பேரு என்னடா, நாறுதா?”

காளியாயி போட்ட சத்தத்தில் தொட்டில் சேலையில் கிடந்த குழந்தைகூட ஒரு கணம் அழுகையை நிறுத்தியது.

அன்று குழந்தைக்குப் பெயர் வைக்கும் நாள். தேயிலைத் தோட்டத்து லயத்தில், அவர்களின் ஒற்றை அறைக் காம்பராவில் நிற்க இடமில்லை. முதல் பெண் குழந்தைக்கு அப்பனைப் பெற்றவளின் பெயரை வைப்பது அந்தக் குடும்பத்து வழக்கம். காளியாயி அதற்காகவே புதுச் சேலை கட்டி, தொட்டிலுக்குப் பக்கத்தில் வந்து உட்கார்ந்திருந்தாள்.

அவள் மகன் வீரய்யாவோ, “பேரு தளிரினி” என்று சொல்லிவிட்டான்.

“தளி... என்னது?” என்றார் பழனியாண்டிக் கங்காணி. “சாமி பேரா?”

“இல்லைங்க.”

“சினிமாக்காரி பேரா?”

“இல்லைங்க ஐயா, நானே செஞ்ச பேரு. தளிருன்னா கொழுந்து. இனின்னா இனிக்கிறது.”

“கொழுந்து கசக்குமேடா! மென்னு பார்த்ததே இல்லியா நீ?”

“தேயிலைச் சாயம் ஊத்தி, சீனி போட்டா இனிக்குமேங்க.”

எல்லோரும் சிரித்தார்கள். காளியாயி சிரிக்கவில்லை.

வீரய்யா இந்தப் பெயரைச் செய்யப் பட்ட பாடு கொஞ்சமல்ல. கவ்வாத்து மலையில் தேயிலைச் செடிகளை வெட்டிக்கொண்டே பெயர்களை முணுமுணுப்பான். ஞாயிற்றுக்கிழமை தலவாக்கலைக்குப் போய் ராசிக் நானாவின் கடையில் விசாரிப்பான்.

“நானா, பூங்கொடின்னு யாரையாச்சும் தெரியுமா?”

“நம்ம கடைக்கே ரெண்டு பூங்கொடி வருதே தம்பி.”

அந்தப் பெயர் அத்தோடு போயிற்று. மஸ்கெலியாவில் ஒருத்தி இருக்கிறாள் என்று தெரிந்ததால் தேன்மொழியும் போயிற்று. தளிரினி என்றதும் நானா தராசைக் கீழே வைத்துவிட்டார்.

“கேள்விப்பட்டதே இல்லியே. ஆனா சொல்லிப் பார்க்க நல்லா இருக்கு. தளிரினி... தளிரினி...”

“நெசமாவே கேட்டதில்லையா நானா?”

“அல்லாஹ்வுக்காக இல்ல.”

வீரய்யா அங்கேயே ஒரு பை டொபி மிட்டாய் வாங்கி, கடையில் நின்றவர்களுக்கெல்லாம் கொடுத்துவிட்டுத்தான் பஸ் ஏறினான்.

“உலகத்துல இல்லாத பிள்ளையைப் பெத்துட்டான்ல, அதான் இல்லாத பேரு தேடுறான்” என்று லயமே பேசியது.

கங்காணி இப்போது குழந்தையின் தாயைப் பார்த்தார்.

“நொண்டி மீனம்மா, நீ சொல்லு. மாமியா பேரு வேணாமா?”

அந்தத் தோட்டத்தில் நான்கு மீனம்மாக்கள். பெரட்டுக் களத்தில் விடியற்காலையில் பெயர் கூப்பிடும்போது ஆள் மாறிப் போகக்கூடாது என்று கங்காணி அடையாளம் வைத்திருந்தார். நெட்டை மீனம்மா, கறுத்த மீனம்மா, பல்லு மீனம்மா. சின்ன வயதுக் காய்ச்சலில் ஒரு கால் சூம்பிப்போன இவள், நொண்டி மீனம்மா. கெட்ட எண்ணம் ஒன்றும் கிடையாது. காளியாயிகளும் மூன்று பேர். வீரய்யாவின் தாய் ஓட்டவாய்க் காளியாயி.

மீனம்மா தலையைக் குனிந்தபடி கணவனிடம் சொன்னாள்: “அத்தை பேரையே வச்சிரலாங்க. எதுக்கு வம்பு?”

“இந்த ஒண்ணுல மட்டும் என்னைய விட்டுரு” என்றான் வீரய்யா.

காளியாயி எழுந்துவிட்டாள். “பெத்தவ பேரு ஆகாது இவனுக்கு! இனி அந்தப் பிள்ளையை நான் தொட்டா என்னான்னு கேளுங்க!”

சொன்னபடியே இருந்தாள். பக்கத்துக் காம்பராவில் குழந்தை அழுதால், சுவருக்கு இந்தப் பக்கம் இரும மட்டும் செய்வாள்.

மீனம்மா மீண்டும் வேலைக்குப் போகும் நாள் வந்தது. குழந்தையைப் பிள்ளைக் காம்பராவில் ஆயாவிடம் விட்டுவிட்டு, காலை இழுத்து இழுத்துப் பெரட்டுக்கு வந்து சேர்ந்தாள். மாமியார் தள்ளியே நின்றாள். பனி மூடிய களத்தில் ஆட்களை விடப் பெயர்கள்தான் முதலில் வெளியே வந்தன.

“நெட்டை மீனம்மா!”

“இருக்கேங்க!”

“கறுத்த மீனம்மா!”

“இருக்கேங்க!”

“பல்லு மீனம்மா!”

“இருக்கேங்க!”

அடுத்தது தான் என்று தெரிந்து, மீனம்மாவின் தலை வழக்கம்போலத் தாழ்ந்தது.

“நொண்டி...”

“ஐயா, கொஞ்சம் நில்லுங்க.”

ஆண்கள் வரிசையிலிருந்து வீரய்யா வெளியே வந்தான். பெரட்டில் கங்காணியை மறித்துப் பேச அங்கே யாருக்கும் துணிச்சல் கிடையாது.

“அவ இப்ப பிள்ளை பெத்தவங்க. பிள்ளை பேரைச் சொல்லி, இன்னார் அம்மான்னு கூப்பிடுங்க. அந்தப் பேரு வேற யாருக்கும் இல்ல, நான் தேடிப் பார்த்துட்டேன். முன்னுக்கு ஒரு அடையாளமும் வேணாம். ஆள் மாறாதுங்க.”

கங்காணி தலைப்பாகையை அவிழ்த்தார், திரும்பவும் கட்டினார். பிறகு, புதுப் பாட்டைப் பழகுகிறவர் போல மெதுவாகக் கூப்பிட்டார்.

“தளிரினி அம்மா!”

பல்லு மீனம்மா இடுப்பில் இடித்த பிறகுதான் அவளுக்கு விளங்கிற்று. மீனம்மா தலையை நிமிர்த்தினாள்.

“இருக்கேங்க!”

அந்தச் சத்தம் கீழே ஆறு வரைக்கும் கேட்டிருக்கும்.

கங்காணி கனைத்துக்கொண்டு, அவசரமாக அடுத்த பெயருக்குப் போனார்.

“ஓட்டவாய்க் காளியாயி!”

கங்காணி மறுபடியும் கூப்பிட்டார்.

“ஓட்டவாய்க் காளியாயி! அந்தா நிக்கிறியே, காது கேக்கலையா?”

காளியாயி மகனை ஒரு பார்வை பார்த்தாள். முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். கொழுந்துக் கூடையின் கயிற்றைத் தலையில் ஏற்றி மாட்டிக்கொண்டு சொன்னாள்:

“அந்தப் பேருல இங்க யாரும் இல்லைங்க. தளிரினி அப்பாயிதான் நிக்கிறா!”